வடசென்னையின் வாய்மொழி வரலாற்றைப் படமாக்குதல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பெரம்பூர், புளியந்தோப்பு, வியாசர்பாடி, ராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர் பகுதிகளில் மூத்தவர்களின் பேச்சைப் பதிவுசெய்து ஆவணப்படமாக்க நினைப்பவர்களுக்கானது இது. சினிமா படித்திருக்கத் தேவையில்லை. பொறுமையும் ஒரு நல்ல மைக்கும் இருந்தால் தொடங்கிவிடலாம்.

ஆவணப்படம் எடுப்பதும் வாய்மொழி வரலாறு பதிவு செய்வதும் ஒன்றுதானா?

இல்லை. படம் 40 நிமிடத்தில் முடிந்துவிடும். அதற்காக 30 மணி நேரம் பதிவு செய்திருந்தால், பத்து வருடம் கழித்து வேறொரு கேள்வியோடு வருகிறவர் தேடப்போவது அந்த 30 மணி நேரத்தைத்தான். படத்துக்குத் தேவையானதை மட்டும் வாங்கிக்கொண்டு கேமராவை நிறுத்துகிறவரிடம் கடைசியில் படம் மட்டும்தான் மிஞ்சும். எனவே பேச்சு தொடங்கியதிலிருந்து முடியும்வரை ஒலிப்பதிவை நிறுத்தாதீர்கள். கேமரா சூடாகி நின்றாலும், பேட்டரி போனாலும், ஒலி ஓடிக்கொண்டே இருக்கட்டும். முழுப் பேச்சும் வெட்டாமல் தனியாகப் பாதுகாக்கப்படும் என்பதைப் பேசுகிறவரிடமும் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

எங்கிருந்து தொடங்குவது? வடசென்னை முழுவதையும் எடுக்கலாமா?

எடுக்க முடியாது. "வடசென்னை மக்களின் வாழ்க்கை" என்று கிளம்பிய படங்கள் பெரும்பாலும் ஒரு கிரேன், ஒரு குப்பைமேடு, ஒரு கானா பாட்டு என்று முடிகின்றன. ஒரு தொழிலையோ, ஒரு தெருவையோ, ஒரு நிகழ்வையோ பிடித்துக்கொள்ளுங்கள்.

காலம் நெருக்குகிற விஷயத்தை முதலில் எடுப்பது நல்லது. பக்கிங்ஹாம் கர்நாடிக் மில்லை, ஊரார் வாயில் பின்னி மில்லை, எடுத்துக்கொள்வோம். 1918 ஏப்ரல் 27 அன்று சென்னைத் தொழிலாளர் சங்கம் உருவானது இந்த மில் தொழிலாளர்களை வைத்துத்தான், பி.பி. வாடியா, திரு.வி.க., செல்வபதி செட்டியார், ராமானுஜுலு நாயுடு ஆகியோர் முன்னின்றார்கள். மில் 1996-இல் மூடப்பட்டது. 1970-இல் இருபது வயதில் வேலைக்குச் சேர்ந்தவருக்கு இப்போது எழுபத்தைந்து தாண்டிவிட்டது. ஷிப்ட் எப்படி மாறும், எந்த டிபார்ட்மெண்டில் பஞ்சுத் தூசி அதிகம், சங்கு ஊதியபின் எத்தனை நிமிடத்தில் கேட்டை மூடுவார்கள் என்பதெல்லாம் இவர்களோடு போய்விடும்.

1962 ராணுவ ஆட்சிக்குப் பிறகு பர்மாவிலிருந்து கப்பலேறி வந்த குடும்பங்களும் அப்படித்தான். பத்து வயதில் கப்பலில் வந்தவரே இன்று எழுபதைத் தாண்டியவர். அவர்கள் கொண்டுவந்த பர்மா நூடுல்ஸான அத்தோவை விற்கும் கடையைப் படம்பிடிப்பது எளிது. கப்பலில் என்ன கொண்டுவர விட்டார்கள், இங்கே இறங்கி முதல் மாதம் எங்கே தங்கினார்கள் என்பதைக் கேட்டு வாங்குவதில்தான் வேலை இருக்கிறது. ரயில்வேயின் லோகோ ஒர்க்ஸ், ரயில்பெட்டி செய்யும் ஐ.சி.எஃப். தொழிலாளர்கள், ஹார்பர் கூலிகள், குத்துச்சண்டைப் பரம்பரைகளின் பழைய ஆட்டக்காரர்கள், எண்ணூர் கழிமுகத்தில் கையால் இறால் தடவிப் பிடித்தவர்கள் என்று ஒவ்வொன்றும் தனித்தனிப் படம்.

யாரை முதலில் பேச வைப்பது?

வயதில் மூத்தவரை, உடம்பு முடியாதவரை. மற்ற வரிசையெல்லாம் அப்புறம்.

நடைமுறையில் சங்கத் தலைவர், கோயில் தர்மகர்த்தா, மீனவ கிராமப் பஞ்சாயத்தார், ஏரியாவில் பெயர் பெற்ற கட்சிக்காரர் ஆகியோரைப் பார்க்காமல் தெருவுக்குள் கேமராவோடு நடமாட முடியாது. அவர்களைப் போய்ப் பாருங்கள், என்ன செய்கிறீர்கள் என்று சொல்லுங்கள், அவர்களையும் ஒரு பேட்டி எடுங்கள். ஆனால் "இவங்ககிட்ட பேசுங்க" என்று அவர்கள் தரும் பட்டியலோடு நின்றுவிடக் கூடாது. அந்தப் பட்டியலில் பெண்கள் அநேகமாக இருக்க மாட்டார்கள். பட்டியலில் உள்ள ஒவ்வொருவரிடமும் "உங்களோட சண்டை போட்டவங்க, ஒத்துப்போகாதவங்க யாராவது இருக்காங்களா?" என்று கேளுங்கள். சிரித்துக்கொண்டே ஒரு பெயர் சொல்வார்கள். அடுத்து அவரைப் போய்ப் பார்க்க வேண்டும்.

பெண்களிடம் கேட்டால் கணவரோ மகனோ பதில் சொல்கிறார். என்ன செய்வது?

மகனிடம் தனியாக ஒரு பேட்டி எடுத்துவிடுங்கள், அதுவும் முதலிலேயே. சொல்ல வேண்டியதைச் சொல்லி முடித்தவர் அப்புறம் குறுக்கே வருவது குறையும். நேரமும் முக்கியம். தண்ணீர் பிடித்து, சமைத்து முடித்து, பிள்ளைகள் பள்ளிவிட்டு வருவதற்கு முன்னால் உள்ள பகல் நேரம்தான் பல வீடுகளில் பெண்களின் நேரம். மீன் விற்கும் பெண்களுக்கு அதுவும் பொருந்தாது. விற்று முடித்து வீடு திரும்பிய பிறகு கேளுங்கள். குழுவில் ஒரு பெண்ணாவது இல்லாமல் இந்த வேலைக்குப் போகவே வேண்டாம்.

ஒப்புதல் எப்படி வாங்குவது? ஒரு கையெழுத்து போதுமா?

போதாது. ஐந்து தனித்தனிக் கேள்விகளாகப் பிரியுங்கள். பதிவு செய்யலாமா? காப்பகத்தில் வைக்கலாமா? படத்தில் சேர்க்கலாமா? இணையத்தில் போடலாமா? பெயரும் முகமும் தெரியலாமா? ஐந்துக்கும் ஒரே பதில் வர வேண்டியதில்லை. "படத்துல போடு, யூடியூப்ல போடாத" என்பவர்கள் நிறையப் பேர், அதில் நியாயமும் இருக்கிறது.

தமிழில், ஒரு பக்கத்துக்கு மேல் போகாத படிவமாக அடியுங்கள். படித்துக் காட்டுங்கள், அதையும் ஒலிப்பதிவில் வையுங்கள், ஒரு நகலை அவரிடமே கொடுங்கள். அதில் உங்கள் செல் நம்பர் இருக்க வேண்டும். பேசி முடித்த பிறகு ஒருமுறை திரும்பக் கேளுங்கள். முதலில் கேட்டபோது என்ன பேசப்போகிறோம் என்று அவருக்கே தெரியாது, பேசியபின் தெரியும். எந்தத் தேதிவரை மனம் மாறலாம் என்பதையும் படிவத்திலேயே எழுதிவிடுங்கள். படத்தை அவருக்குக் காட்டிய பிறகு 30 நாள் என்று வைப்பது இருதரப்புக்கும் வசதி. 2023-இல் வந்த தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டமும் ஒப்புதலைத் திரும்பப் பெறும் உரிமையைச் சொல்கிறது.

பேசுகிறவருக்குப் பணம் கொடுக்கலாமா?

நாள் கூலிக்காரர் அரை நாள் வேலையை விட்டுவிட்டு உட்கார்ந்தால் அந்தக் கூலியைக் கொடுப்பதுதான் முறை. எல்லாருக்கும் ஒரே அளவு, முதலிலேயே சொல்லிவிட்டு. "நல்லா பேசினா" கூடுதல் என்ற பேச்சே வரக் கூடாது. வந்தால் கதை நீளும், உண்மை குறையும். பணம் வேண்டாம் என்பவருக்குப் பழைய குடும்பப் படத்தைப் பெரிதாக்கிச் சட்டம் போட்டுக் கொடுத்தால் வாங்கிக்கொள்வார்.

குறைந்தபட்சம் என்னென்ன கருவி வேண்டும்?

காசு கொஞ்சம்தான் இருக்கிறதென்றால் ஒலிக்குச் செலவிடுங்கள். சுமாரான படத்தோடு தெளிவான குரலை மக்கள் பார்ப்பார்கள். குரல் புரியாத அழகான படத்தை இரண்டாவது நிமிடத்தில் விட்டுவிடுவார்கள். கையடக்க ரெக்கார்டர் ஒன்று, வயருள்ள காலர் மைக் இரண்டு, ஸ்டாண்டில் மாட்டும் ஷாட்கன் மைக் (நேரே நோக்கும் திசையின் ஒலியை அதிகம் பிடிக்கும் நீள மைக்) ஒன்று, மூடிய வகை ஹெட்போன், ஒரு நல்ல செல்போன் அல்லது கேமரா, ட்ரைபாட். இவ்வளவு போதும். வயர்லெஸ் மைக் நடந்துகொண்டே பேசும் காட்சிக்கு உதவும். உட்கார்ந்து பேசும் பேட்டிக்கு வயர்தான் நம்பிக்கையானது.

ரெக்கார்டரில் வேவ் ஃபார்மேட், 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் என்று வையுங்கள். பேச்சு உச்சத்தில் மைனஸ் 12 டெசிபலைச் சுற்றி இருக்கட்டும். தானாக ஒலியைக் கூட்டிக் குறைக்கும் ஆட்டோ லெவலை அணைத்துவிடுங்கள். அது ஓடினால், பெரியவர் யோசிக்க நிறுத்தும் ஒவ்வொரு முறையும் மின்விசிறிச் சத்தம் மேலே எழும்பி வரும். எடிட்டிங்கில் அதைச் சரிசெய்ய வழியில்லை.

வீட்டுக்குள் சத்தம் தாங்க முடியவில்லை. எப்படிச் சமாளிப்பது?

இந்தப் பகுதியில் அதிகம் பாழாவது இதனால்தான், கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

ஃபிரிட்ஜ் ஓடுகிறதா பாருங்கள். வீட்டாரைக் கேட்டுவிட்டு அணையுங்கள். அணைத்ததும் உங்கள் வண்டிச் சாவியை ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிடுங்கள். திரும்பப் போடாமல் வீட்டைவிட்டுக் கிளம்ப முடியாது. அடுத்து எல்லாருடைய செல்போனும் ஃபிளைட் மோடுக்குப் போக வேண்டும். டிவி பக்கத்து வீட்டில் ஓடினால் கேட்டுக்கொண்டால் குறைப்பார்கள், சில நேரம் அவர்களே வந்து உட்கார்ந்து கேட்பார்கள்.

மின்விசிறிதான் சிக்கல். ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்குக் கீழே மே மாதத்தில் விசிறியை நிறுத்திவிட்டு எண்பது வயதுக்காரரைப் பேசச் சொல்வது கொடுமை. 15 நிமிடம் நிறுத்தி, 5 நிமிடம் ஓடவிட்டு, திரும்ப நிறுத்துங்கள். அதுவும் முடியாதென்றால் சீலிங் ஃபேனை நிறுத்திவிட்டு, டேபிள் ஃபேனை மைக்குக்கு எதிர்ப்புறம் தள்ளி மெதுவாக ஓடவிடுங்கள். ரெக்கார்டரில் 80 ஹெர்ட்ஸ் லோ கட் (அதற்குக் கீழான தாழ்ந்த ஒலியைக் குறைக்கும் வசதி) போட்டால் உறுமல் குறையும். ஆனால் இறக்கை காற்றை வெட்டும் படபடப்பு அதில் போகாது. எப்படி இருந்தாலும், யாரும் பேசாமல் அந்த அறையின் வெறும் சத்தத்தை ஒரு நிமிடம் பதிவு செய்துகொள்ளுங்கள். விசிறி ஓடும்போது ஒன்று, ஓடாதபோது ஒன்று. எடிட்டிங்கில் ஒட்டுப்போட அதுதான் துணி.

கொருக்குப்பேட்டை, பேசின் பிரிட்ஜ், வியாசர்பாடிப் பக்கம் ரயில் வரும். மணலிச் சாலை, எண்ணூர் நெடுஞ்சாலைப் பக்கம் கண்டெய்னர் லாரி ஹாரன் ஓயாது. ரயில் வந்தால் பேச்சை நிறுத்தச் சொல்லாதீர்கள், நினைவின் ஓட்டம் அறுந்துவிடும். நேரத்தைக் குறித்துக்கொண்டு, முடிவில் "சங்கு ஊதுனத பத்தி சொன்னீங்களே" என்று அதே விஷயத்தைத் திரும்பக் கேளுங்கள். தெருவுக்குத் தெரு அமைதி நேரம் வேறு. பேட்டிக்கு முந்தைய நாள் அதே நேரத்துக்குப் போய், ஹெட்போனைப் போட்டுக்கொண்டு கால் மணி நேரம் உட்கார்ந்து பாருங்கள்.

காலர் மைக்கை எங்கே மாட்டுவது?

மோவாய்க்கு 15 முதல் 20 சென்டிமீட்டர் கீழே. இது பேன்ட் சட்டைக்காரர்களுக்குச் சொன்ன கணக்கு. புடவை கட்டியவருக்கு முந்தானையில் மாட்டினால் ஒவ்வொரு அசைவுக்கும் கரகரக்கும், தாலிச் சங்கிலியும் இடிக்கும். ரவிக்கை விளிம்பில், அவரே மாட்டிக்கொள்ளும்படி சொல்லிக்கொடுங்கள். வெறும் உடம்பில் தோளில் துண்டோடு உட்கார்ந்திருக்கும் பெரியவரைச் சட்டை போடச் சொல்லாதீர்கள். சட்டை ஏறியதும் பேச்சும் விறைத்துக்கொள்ளும். ஷாட்கன் மைக்கை ஸ்டாண்டில் மாட்டி, தலைக்கு மேலே இரண்டடி தூரத்தில், வாயை நோக்கிச் சாய்த்து வையுங்கள். கண்ணாடி வளையல் போட்டவர் கையை ஆட்டிப் பேசினால் ஒலிக்கத்தான் செய்யும். அதைக் கழற்றச் சொல்ல வேண்டியதில்லை.

செல்போனில் எடுத்தால் படம் ஏன் மினுக்குகிறது? ஒலியும் உதடும் ஏன் போகப்போகப் பொருந்தவில்லை?

இரண்டுக்கும் காரணம் வேறு. நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். டியூப்லைட்டும் மலிவான எல்இடி பல்பும் நொடிக்கு 100 முறை ஏறி இறங்கும். போன் வழக்கமாக 30 ஃபிரேமில் எடுக்கும், ஷட்டர் வேகத்தைத் தானே மாற்றிக்கொள்ளும். 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 என்று கையால் பூட்டுங்கள், மினுக்கல் போய்விடும்.

ஒலி விலகுவதற்குக் காரணம், பல போன்கள் ஃபிரேம் எண்ணிக்கையைச் சூட்டுக்கும் வெளிச்சத்துக்கும் தக்கபடி கூட்டிக் குறைப்பது. நிலையான ஃபிரேம் தரும் கேமரா ஆப்பில் எடுங்கள். 20 நிமிடத்துக்கு ஒருமுறை கேமராவுக்கு முன்னால் கை தட்டினால் பொருத்துவது எளிது. வெயில் காலத்தில் போன் சூடேறி நின்றுபோகும். உறையைக் கழற்றுங்கள், திரை வெளிச்சத்தைக் குறையுங்கள். குளிர வைக்கிறேன் என்று ஃபிரிட்ஜில் வைத்தால் லென்சுக்குள் நீர் கோத்துக்கொள்ளும். ஏசி அறையிலிருந்து கேமராவைக் கடற்கரைக்கு எடுத்துப் போகும்போதும் இதேதான்: பையைத் திறக்காமல் அரை மணி நேரம் வெளிச்சூட்டுக்குப் பழக விடுங்கள். காசிமேட்டில் எடுத்துவிட்டு வந்த அன்றே ட்ரைபாட் கால்களை நல்ல தண்ணீர் நனைத்த துணியால் துடைக்க வேண்டும், இல்லாவிட்டால் உப்பு பூட்டுகளை இறுக்கிவிடும்.

கேள்விகளை எப்படிக் கேட்பது? எல்லாரும் மேடைப் பேச்சு பேசுகிறார்களே?

"அந்தக் காலத்துல வாழ்க்கை எப்படி இருந்துச்சு?" என்று கேட்டால் மேடைப் பேச்சுதான் வரும். இந்தப் பகுதியில் சங்கக் கூட்டமும் கட்சிக் கூட்டமும் கேட்டே வளர்ந்தவர்கள் அதிகம். மைக்கைப் பார்த்ததும் குரல் தானாக உயரும், "ஆகவே" வந்துவிடும். அதைத் தடுக்காதீர்கள். முதல் அரைமணி நேரம் அப்படியே போகட்டும், அதுவும் வரலாறுதான். பிறகு கை, கால், பொருள், நேரம் சார்ந்த சின்னக் கேள்விக்கு வாருங்கள். "முதல் ஷிப்டுக்குப் போகணும்னா வீட்ல யாரு முதல்ல எழுந்திருப்பாங்க?" "சாப்பாட எதுல கட்டினு போவீங்க?" "சம்பளத்தன்னிக்கு கேட்டாண்ட யாரு யாரு நிப்பாங்க?" கடைசிக் கேள்விக்கு வட்டிக்காரர், மளிகைக்காரர், வீட்டுப் பெண்கள் என்று ஒரு தெருவின் பொருளாதாரமே வரும்.

ஒரு சார்ட் பேப்பரைத் தரையில் விரித்து, பழைய தெருவை வரையச் சொல்லுங்கள். குழாயடி எங்கே, சாராயக் கடை எங்கே, குத்துச்சண்டை மேடை எங்கே போட்டார்கள். கை வரையும்போது வாய் தானாகப் பேசும். கேமரா அப்போது காகிதத்தின்மேல் இருக்கட்டும்.

"ஆமா ஆமா", "ம்ம்" போடாதீர்கள். தலையை மட்டும் ஆட்டுங்கள். அவர் நிறுத்தினால் மனதுக்குள் பத்துவரை எண்ணுங்கள். முக்கியமான வாக்கியம் பெரும்பாலும் எட்டாவது எண்ணில்தான் வருகிறது. ஓர் அமர்வு 90 நிமிடத்தைத் தாண்ட வேண்டாம். ஒரே ஒரு முறை போய்விட்டு வருவதும் வீண். இரண்டாம் முறை போகும்போது "அன்னைக்கு ஒண்ணு சொல்ல மறந்துட்டேன்" என்று அவரே ஆரம்பிப்பார்.

ஆயாவை "ஆயா" என்றே கூப்பிடுங்கள், "அம்மையார்" என்றால் அவரும் அதற்கேற்ற தமிழைத் தேடப் போய்விடுவார். வீட்டில் தெலுங்கோ உருதுவோ பேசுகிறவராக இருந்தால் எந்த மொழியில் பேச விருப்பம் என்று முதலிலேயே கேட்டு, அந்த மொழி தெரிந்தவரைக் கூட்டிப்போங்கள்.

ஆண்டைத் தவறாகச் சொல்கிறார்கள். திருத்தலாமா?

கேமரா முன் திருத்த வேண்டாம். யாருக்கும் ஆண்டு நினைவில் இருப்பதில்லை, பக்கத்து நிகழ்ச்சிதான் இருக்கும். ஒரு நினைவு நாட்காட்டியை அட்டையில் எழுதிக் கையில் வைத்திருங்கள். எம்.ஜி.ஆர். சுடப்பட்டது 1967 ஜனவரி, அண்ணா மறைவு 1969 பிப்ரவரி, இந்திரா காந்தி கொலை 1984 அக்டோபர், எம்.ஜி.ஆர். மறைவு 1987 டிசம்பர், சுனாமி 2004 டிசம்பர், பெருவெள்ளம் 2015 டிசம்பர். "எம்.ஜி.ஆர். செத்ததுக்கு முன்னாடியா, அப்பாலயா?" என்றால் சட்டென்று பதில் வரும். "பெரியவளுக்கு அப்ப எத்தனை வயசு?" என்பதும் நன்றாக வேலை செய்யும்.

பிறகு காகிதத்தோடு ஒப்பிடுங்கள். மில் அடையாள அட்டை, பி.எஃப். சீட்டு, சங்க ரசீது, கல்யாணப் பத்திரிகை எல்லாம் டிரங்குப் பெட்டியில் கிடக்கும். எழும்பூர் தமிழ்நாடு ஆவணக் காப்பகத்திலும் கன்னிமாரா நூலகத்திலும் தரமணி ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்திலும் பழைய அரசு ஆணைகள், நாளிதழ்கள், இதழ்கள் கிடைக்கும்; எது எங்கே என்று முன்கூட்டிக் கேட்டுவிட்டுப் போங்கள். காகிதமும் பேச்சும் முரண்பட்டால் இரண்டையும் குறித்து வையுங்கள். 1921 பின்னி மில் வேலைநிறுத்தத்தையும் புளியந்தோப்புக் கலவரத்தையும் பற்றிக் குடும்பங்களுக்குள் கைமாறி வந்த கதைகள் தெருவுக்குத் தெரு மாறும். வேலைநிறுத்தத்தில் நின்றவர்களின் பேரனும், வேலைக்குத் திரும்பிய ஆதிதிராவிடத் தொழிலாளர்களின் பேரனும் ஒரே கதையைச் சொல்ல மாட்டார்கள். இரண்டு தெருவுக்கும் போகாமல் அதைப் படமாக்குவது தவறு.

பழைய போட்டோக்களை வாங்கி வந்து ஸ்கேன் செய்யலாமா?

வாங்கி வரக் கூடாது. ஸ்கேனரை அங்கே கொண்டுபோங்கள். 600 டிபிஐ, டிஃப் ஃபார்மேட், பின்பக்கத்தையும் சேர்த்து. ஸ்டூடியோ முத்திரையும் தேதியும் அங்கேதான் இருக்கும். வெள்ளத்தில் நனைந்து கண்ணாடியோடு ஒட்டிக்கொண்ட படத்தைப் பிரிக்க முயலாதீர்கள், கண்ணாடியோடு அப்படியே எடுங்கள். படத்தைக் கையில் வைத்துக்கொண்டு அவர் ஒவ்வொருவராகப் பெயர் சொல்வதை ஒலிப்பதிவு செய்ய மறந்தால் ஸ்கேன் பாதிதான்.

காசிமேட்டில் எப்போது எடுப்பது? துறைமுகத்தில் அனுமதி வேண்டுமா?

ஏலம் விடியற்காலை இருட்டிலேயே சூடுபிடித்துவிடும், ஞாயிற்றுக்கிழமை கூட்டம் தாங்காது. அது காட்சிக்கு, பேச்சுக்கு அல்ல. விசைப்படகு ஆட்களிடம் நிதானமாகப் பேச ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரையான 61 நாள் மீன்பிடித் தடைக்காலம்தான் சரியான சமயம். படகு கரையில் நிற்கும், பழுது பார்ப்பார்கள், வலை பின்னுவார்கள், கை வேலையாக இருக்கும்போதே பேசுவார்கள். ஃபைபர் போட்டுக்காரர்கள் அப்போதும் கடலுக்குப் போவார்கள், அவர்களைப் பிற்பகலில் பாருங்கள். காற்றுக்கும் நீரோட்டத்துக்கும் அவர்கள் சொல்லும் பெயர்களை (வாடை, கொண்டல், கச்சான், வன்னி, தெண்டி) கடற்கரையில் நின்று கையால் திசை காட்டியே சொல்லச் சொல்லுங்கள். வெறும் சொல்லைப் பதிவு செய்தால் நாளைக்கு யாருக்கும் திசை தெரியாது.

சரக்குத் துறைமுகத்துக்குள்ளும், ரயில்வே இடங்களிலும், அனல்மின் நிலைய வளாகத்திலும் முன் அனுமதி இல்லாமல் கேமராவை எடுக்காதீர்கள். ட்ரோனுக்கு 2021 ட்ரோன் விதிகள் பொருந்தும். பறக்க விடுவதற்கு முன் அரசின் ட்ரோன் இணையதளமான டிஜிட்டல் ஸ்கையின் வரைபடத்தில் அந்த இடம் சிவப்பா, மஞ்சளா, பச்சையா என்று பாருங்கள். உண்மையில் இவ்வகைப் படத்துக்கு ட்ரோன் காட்சி அவ்வளவு தேவையே இல்லை.

கானா பாடுகிறவரைப் பதிவு செய்தால் பாட்டு யாருக்குச் சொந்தம்?

1957 பதிப்புரிமைச் சட்டப்படி பாடுகிறவருக்கு நிகழ்த்துநர் உரிமை உண்டு, 50 ஆண்டுக்கு. வரிகளை அவரே கட்டியிருந்தால் அந்தப் பதிப்புரிமையும் அவருடையதே. உங்கள் படம் உங்களுடையது என்பதால் பாட்டும் உங்களுடையதாகிவிடாது. படத்தில் பயன்படுத்த மட்டும் எழுத்தில் அனுமதி வாங்குங்கள். பாட்டைத் தனியாக வெட்டி இணையத்தில் போடுவதற்கு வேறு அனுமதி. சினிமா மெட்டில் பாடியிருந்தால் இணையத்தில் அந்த மெட்டின் உரிமைக்காரர் தடை போடக்கூடும் என்பதையும் நினைவில் வையுங்கள்.

மரண கானாவுக்கு இன்னொன்று உண்டு. சாவு வீட்டுக்குப் பாடகர் அழைத்தார் என்பதற்காகப் போய் நிற்காதீர்கள். அனுமதி தர வேண்டியவர்கள் வீட்டார்.

பேச்சில் கொலை, வெட்டுக்குத்து, ஆட்களின் பெயர் வந்தால்?

முழுப் பதிவில் இருக்கட்டும், படத்தில் வேண்டாம். பெயர் வெளிவந்தால் அவதூறு வழக்கு உங்கள்மேல் வரும், அதைவிட மோசமானது பேசியவர்மேல் வரும். அந்தப் பகுதியை நேரக் குறிப்போடு "மூடப்பட்டது" என்று குறித்து, எந்த ஆண்டுவரை என்பதையும் அவரிடமே கேட்டு எழுதுங்கள். "நான் போனப்புறம் போட்டுக்கோ" என்பதும் செல்லுபடியாகும் நிபந்தனைதான். சாதியைக் கேமரா முன் நேராகக் கேட்காதீர்கள். தண்ணீர் எங்கே பிடித்தீர்கள், எந்தத் தெரு வழியாகப் பிணம் போகும் என்று கேட்டால், சொல்ல விரும்புகிறவர் சொல்வார்.

எவ்வளவு இடம் பிடிக்கும்? எப்படிப் பாதுகாப்பது?

நொடிக்கு 50 மெகாபிட் வேகத்தில் எடுத்த வீடியோ மணிக்கு சுமார் 22 ஜிபி. 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட் ஸ்டீரியோ ஒலி மணிக்கு சுமார் 1 ஜிபி. 30 மணி நேரம் என்றால் 700 ஜிபி. மூன்று நகல் எடுங்கள். இரண்டு வெவ்வேறு ஹார்ட் டிஸ்கில், மூன்றாவது வேறு பகுதியில் வேறொருவர் வீட்டில். மூன்றும் தரைத்தளத்தில் இருந்தால் ஒரு டிசம்பர் மழை போதும். இரண்டு நகலும் திறக்கிறதா என்று பார்க்காமல் மெமரி கார்டை அழிக்காதீர்கள். கோப்புப் பெயரில் தேதியும் இடமும் எண்ணும் போதும். தமிழ் எழுத்தில் பெயர் வைத்தால் சில பழைய மென்பொருள்களில் குழம்பும், அதனால் ஆங்கில எழுத்திலும் எண்ணிலும் வையுங்கள். ஆறு மாதத்துக்கு ஒருமுறை டிஸ்கைச் செருகி ஓட்டிப் பாருங்கள்.

பேச்சை எழுத்தாக்க மென்பொருள் போதாதா?

மெட்ராஸ் பாஷைக்குப் போதாது. "வந்துகினு கீறாரு" என்பதை அது பொதுத் தமிழாக்கிவிடும் அல்லது வேறெதையோ எழுதும். கையால் எழுத ஒரு மணி நேரப் பேச்சுக்கு 6 முதல் 8 மணி நேரம் ஆகும். இலான் என்ற இலவச மென்பொருளில் வாக்கியத்துக்கு வாக்கியம் நேரம் ஒட்டி எழுதலாம். முதல் பேட்டியிலேயே ஓர் எழுத்துமுறைத் தாள் போட்டுக்கொள்ளுங்கள்: கீது, இன்னா, அத்த, தோ, அப்பால போன்றவற்றை எப்படி எழுதுவது என்று. அது இல்லாமல் மூன்று பேர் எழுதினால் பின்னால் தேடவே முடியாது. முழுவதையும் எழுத ஆளில்லையா? ஐந்து நிமிடத்துக்கு ஒரு வரி என்று உள்ளடக்கப் பட்டியலாவது போடுங்கள், அதுவே பெரிய உதவி.

சப்டைட்டில் போடும்போது பேச்சைச் சீர்படுத்தலாமா?

தமிழ்ச் சப்டைட்டில் காது கேளாதவர்களுக்கென்றால், பேசியது பேசியபடியே. வேற்று மொழிக்கு மாற்றும்போது கொச்சையான ஆங்கிலத்தைப் போட்டு இவர்களைக் கோமாளியாக்காதீர்கள். எளிய, சரியான வாக்கியம் போதும். இரண்டு வரிக்கு மேல் வேண்டாம்.

பேசியவர்களுக்கு எப்போது, எப்படிக் காட்டுவது?

எடிட்டிங் பூட்டுவதற்கு முன். பேசியவர்களையும் குடும்பத்தாரையும் ஒரு வீட்டிலோ சங்க அலுவலகத்திலோ உட்கார வைத்துக் காட்டுங்கள். நீக்கச் சொல்வதை அங்கேயே எழுதிக்கொள்ளுங்கள். அன்றே ஒவ்வொருவருக்கும் அவரவர் முழுப் பேச்சையும் பென் டிரைவில் கொடுத்துவிடுங்கள். டிவியில் செருகினால் ஓடும் எம்பி4 கோப்பாக இருக்க வேண்டும், வேவ் கோப்பைக் கொடுத்தால் வீட்டில் திறக்காமல் போகலாம்.

பொதுத் திரையிடலுக்கு 1952 சட்டப்படி தணிக்கைச் சான்றிதழ் வேண்டும், ஆவணப்படத்துக்கும் சேர்த்தே. திரைப்பட விழாக்களுக்கு மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்தில் விலக்கு கேட்கலாம். தெருவில் காட்டுவதாக இருந்தால் ஒலிபெருக்கிக்குக் காவல்துறை அனுமதி வாங்குங்கள். இரவு 10 மணிக்கு மேல் ஓட்டக் கூடாது. 3000 லூமென் புரொஜெக்டர் பத்தடித் திரைக்குப் போதும், ஆனால் தெருவிளக்கு திரையின்மேல் விழாத பக்கமாகக் கட்ட வேண்டும். ஸ்பீக்கரைத் திரைக்குப் பக்கத்தில் மட்டும் வைத்தால் பின்னால் உட்காரும் வயதானவர்களுக்குக் கேட்காது. சின்னதாக இன்னும் இரண்டை நடுவில் வையுங்கள். நாற்காலிகளில் முதல் இரண்டு வரிசையைப் படத்தில் பேசியவர்களுக்குப் பிடித்து வையுங்கள், பிள்ளைகள் தரையில் உட்கார்ந்துகொள்ளும்.